மேரி கட்டிடமும் மக்கள் மன்றமும்

வேளாங்கண்ணித் திருத்தலம் சென்று திரும்பும் வழியில் புதுச்சேரியில் ஒரு நாள் தங்கிய குடும்பத்தாருடன், மாலைப் பொழுதில் நாம் கடற்கரைச் சாலையில் நடந்துகொண்டிருந்தோம். காந்தியடிகள் சிலைக்கு அண்மையில் வெண்மையாக எழுந்து நிற்கும் கட்டிடத்தின் முன் வந்ததும், அக்குடும்பத் தலைவி கைகூப்பி நின்றார். “மேரி கட்டிடம் என்கிறார்களே சாமி, மாதா பெயரில் கட்டியதா?” என்று பக்தியோடு கேட்டார். “இல்லையம்மா, அது பிரெஞ்சுச் சொல். நகராட்சி மன்றம் கூடும் இடத்தை அவர்கள் மேரி என்பார்கள்” என்று விளக்கினோம். அவர் சற்றே நாணிச் சிரித்தார். நாமும் சிரித்தோம்.

ஆனால் இல்லம் திரும்பிய பின் நம் சிரிப்பு அடங்கிவிட்டது. அந்தச் சொல்லின் பொருளை அயலூர் அம்மையார் அறியாததில் குற்றம் ஏதுமில்லை. அந்தக் கட்டிடம் எதற்காக எழுப்பப்பட்டதோ, அதை இவ்வூரில் பிறந்து வளர்ந்த நாமே மறந்துகொண்டிருக்கிறோமே என்னும் எண்ணம் நெஞ்சை உறுத்தியது. அந்த உறுத்தலின் விளைவே இக்கட்டுரை.

குருமடத்தில் இலத்தீன் மொழியைத் தட்டுத் தடுமாறிப் பயின்றவர்களுக்கு இச்சொல்லின் வேர் எளிதில் விளங்கும். ‘மாயோர்’ என்றால் பெரியவர். அதுவே பிரெஞ்சில் ‘மேர்’ ஆயிற்று. ஆங்கிலத்தில் ‘மேயர்’ ஆயிற்று. மேர் அமர்ந்து பணியாற்றும் இடம் ‘மேரி’. ஊர்ப் பெரியவரின் இல்லம் என்று நாம் தமிழில் சொல்லிக்கொள்ளலாம். அந்தப் பெரியவரை யார் தேர்ந்தெடுப்பது? அவருக்கு உள்ள அதிகாரம் என்ன? அவர் யாருக்குக் கணக்குக் கொடுக்க வேண்டும்? ஒரு நகரத்தின் ஆட்சி வரலாறு முழுவதும் இந்த மூன்று கேள்விகளுக்குள் அடங்கும்.

இரண்டு தொடக்கங்கள்

தமிழகக் கடற்கரையில் ஐரோப்பிய முறையிலான நகராட்சி முதலில் தோன்றியது சென்னையில். கிழக்கிந்தியக் கம்பெனியின் ஏற்பாட்டில் 1688ஆம் ஆண்டு செப்டம்பர் 29ஆம் நாள் சென்னை மாநகராட்சி தொடங்கப்பட்டது. நத்தானியேல் ஹிக்கின்சன் முதல் மேயரானார். அவருக்குத் துணையாக 12 மூத்த உறுப்பினர்களும் 60 நகரப் பிரதிநிதிகளும் இருந்தனர். கம்பெனியாரின் நோக்கம் மக்களாட்சி அன்று. கோட்டையிலிருந்து விதிக்கும் வரியை மக்கள் எதிர்க்கிறார்கள். தம்மவரே மன்றத்தில் அமர்ந்து விதித்தால் முணுமுணுக்காமல் கட்டுவார்கள் என்பதே அவர்களுடைய கணக்கு. வணிகரின் கணக்காயினும் அதனுள் ஓர் உண்மை ஒளிந்திருந்தது. தன் குரலுக்கு இடமில்லாத மன்றத்திற்கு மனமுவந்து வரி கொடுப்பவர் எவருமில்லை.

புதுச்சேரியின் தொடக்கம் வேறு வகையினது. பிரான்சில் மூன்றாம் குடியரசு வேரூன்றிய பின், 1880ஆம் ஆண்டு மார்ச் 12ஆம் நாள் பிறப்பிக்கப்பட்ட ஆணை ஒன்று, பிரெஞ்சிந்தியப் பகுதிகளைப் பத்துக் கொம்யூன்களாகப் பிரித்தது. ஒவ்வொரு கொம்யூனுக்கும் மக்களால் தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம். மன்ற உறுப்பினர்கள் தமக்குள்ளிருந்து தேர்ந்தெடுக்கும் மேயர். அவருக்குத் துணை மேயர்கள். ஆங்கிலேய இந்தியாவில் உள்ளாட்சிக்கு வித்திட்டதாகப் போற்றப்படும் ரிப்பன் பிரபுவின் தீர்மானம் 1882இல்தான் வந்தது என்பதை இங்கு நினைவிற்கொள்ள வேண்டும். மேலும், சொத்தோ படிப்போ கேளாமல், வயது வந்த ஆண்கள் அனைவருக்கும் வாக்குரிமை அளித்தது பிரெஞ்சு முறை. 1907இல் கொம்யூன்கள் 17ஆகப் பெருகின. முதலியார்பேட்டை, அரியாங்குப்பம், நெட்டப்பாக்கம் போன்ற ஊர்களும் தமக்கென மன்றமும் மேயரும் பெற்றன.

பிரெஞ்சு முறையில் மேயர் இரு முகம் கொண்டவர். ஒரு முகம் மக்களை நோக்கியது. மன்றத்தைக் கூட்டுவதும், வரவு செலவுத் திட்டத்தை முன்வைப்பதும், தெரு, விளக்கு, சந்தை, இடுகாடு ஆகியவற்றைப் பேணுவதும் அவர் கடமை. மற்றொரு முகம் அரசை நோக்கியது. பிறப்பு, திருமணம், இறப்பு ஆகியவற்றைப் பதிவேட்டில் எழுதிக் கையொப்பமிடும் அரசு அலுவலரும் அவரே. கிறிஸ்தவர்களுக்கு அதுவரை கோவிலின் ஞானஸ்நானப் புத்தகமே பிறப்புச் சான்று. பின்னர் மேரியின் பதிவேடு அதனருகே வந்து நின்றது. புதுச்சேரிப் பங்குகளில் பணியாற்றும் குருக்கள் எவரும் இதனை நன்கறிவர். பிரெஞ்சுக் குடியுரிமைக்காகப் பாட்டனாரின் பெயரைத் தேடி வருவோர், ஒரு கையில் மேரியின் நகலையும் மறு கையில் நம்மிடம் பெற வேண்டிய சான்றையும் வைத்து எழுத்துக் கூட்டிப் பார்ப்பதை எத்தனை முறை கண்டிருக்கிறோம்! ஒரு மனிதர் இந்த ஊரில் பிறந்தார், வாழ்ந்தார் என்பதற்கு ஊரே சாட்சி சொல்லும் இடமாக மேரி விளங்கியது.

பட்டியலில் பிரிந்த ஊர்

இவ்வளவு சொன்னதால் பிரெஞ்சு ஆட்சியில் பாலும் தேனும் ஓடியதாக எண்ணிவிட வேண்டாம். வாக்குரிமை அனைவருக்கும் இருந்தது. ஆனால் வாக்கின் எடை ஒன்றாக இல்லை. வாக்காளர்கள் இரண்டு பட்டியல்களாகப் பிரிக்கப்பட்டனர். ஐரோப்பியரும் அவர்கள் வழிவந்தோரும் முதற்பட்டியல். இந்தியர்கள் இரண்டாம் பட்டியல். முதற்பட்டியலில் இருந்தவர்கள் சில நூறு பேரே. ஆயினும் ஆயிரமாயிரம் இந்தியருக்கு இணையாக மன்றத்தில் அவர்கள் இடம்பெற முடிந்தது. எண்ணிக்கையால் அன்றி, பிறப்பால் எடை போட்ட தராசு அது.

இதற்கிடையே மூன்றாவது பிரிவொன்று தோன்றியது. 1873இல் பொன்னுத்தம்பி பிள்ளை என்னும் வழக்கறிஞர் ஐரோப்பிய முறையில் காலணி அணிந்து நீதிமன்றத்திற்குள் சென்றார். இந்தியர் அவ்வாறு நுழைவது மரபுக்கு மாறானது என்று நீதிபதி தடுத்தார். பொன்னுத்தம்பி பணியவில்லை. வழக்கைப் பாரிஸ் வரை கொண்டு சென்று வென்றார். பிறகு தம் குடும்பப் பெயரை ‘லா போர்த்’ என்று அமைத்துக்கொண்டார். பிரெஞ்சில் அதற்குக் ‘கதவு’ என்று பொருள். தமக்குப் பின் வருவோர்க்குத் தாம் திறந்த கதவை அவர் பெயரிலேயே பொறித்துக்கொண்டார் போலும்.

அக்கதவின் வழியே பலர் நுழைந்தனர். 1881ஆம் ஆண்டு செப்டம்பர் 21ஆம் நாள் வந்த ஆணையின்படி, சாதி, மத வழிவந்த தம் தனிச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுக் குடிமைச் சட்டத்தை ஏற்க விரும்பும் இந்தியர் அவ்வாறு செய்யலாம் என்றாயிற்று. இவர்களையே ‘துறந்தோர்’ என்னும் பொருளில் பிரெஞ்சில் ‘ரெனோன்சான்’ என்று அழைத்தனர். இவர்களுள் கிறிஸ்தவர்கள் மிகப் பலர். ஒடுக்கப்பட்ட சாதிகளிலிருந்து வந்தோரும் பலர். இன்று நம் பங்குகளில் வழங்கும் பிரெஞ்சுக் குடும்பப் பெயர்கள் பலவற்றின் பின்னணி இதுவே. சட்டத்தின் முன் தாமும் மனிதராக நிற்க வேண்டும் என்னும் தாகம் அந்தப் பெயர்களுக்குள் உறைந்து கிடக்கிறது.

1884இல் இவர்களுக்கென்று மூன்றாவது பட்டியல் ஏற்படுத்தப்பட்டது. மரபுவழி இந்துக்களின் தலைவராக விளங்கிய நடு சண்முக வேலாயுத முதலியார் இதனைக் கடுமையாக எதிர்த்தார். கட்சிகள் கூட்டணி மாற்றிக் கூட்டணி சேர்ந்தன. தேர்தல் நாட்களில் தெருக்களில் கலவரங்கள் மூண்டன. 1899இல் மூன்றாவது பட்டியல் நீக்கப்பட்டது. எனினும் பட்டியல் முறையே ஒழிந்து, ஆண் பெண் அனைவரும் ஒரே வாக்காளர் தொகுதியாக ஆனது இரண்டாம் உலகப் போர் முடிந்த பின்னரே. ஒரே ஊரில் வாழ்வோர் ஒரே பெட்டியில் ஒரே எடையுள்ள வாக்கை இடுவதற்கு 60 ஆண்டுகளுக்கு மேல் காத்திருக்க வேண்டியதாயிற்று. இன்று நாம் அலட்சியமாக எண்ணும் உரிமையின் விலை இது.

மன்றத்தார் எழுதிய வரலாறு

இந்த மன்றங்கள் குப்பையும் சாக்கடையும் மட்டுமே பேசின என்று எண்ணினால் அது பிழை. இவ்வூரின் தலைவிதியையே அவை முடிவு செய்தன.

1948 ஜூன் மாதம் இந்திய, பிரெஞ்சு அரசுகள் செய்துகொண்ட உடன்பாட்டின்படி, இப்பகுதிகளின் எதிர்காலத்தை மக்களே வாக்கெடுப்பின் மூலம் தீர்மானிக்க வேண்டும்; அவ்வாக்கெடுப்பின் நாளையும் முறையையும் வகுக்கும் பொறுப்பு தேர்ந்தெடுக்கப்பட்ட நகராட்சி மன்றங்களைச் சாரும். சந்திரநாகூர் மக்கள் 1949 ஜூன் 19ஆம் நாள் வாக்களித்தனர். இந்தியாவோடு இணைய 7,473 பேரும் எதிராக 114 பேரும் வாக்களித்தனர். ஆனால் புதுச்சேரியில் 1948 அக்டோபரில் நடந்த நகராட்சித் தேர்தல் முறைகேடுகள் நிறைந்தது என்னும் குற்றச்சாட்டுக்கு உள்ளாயிற்று. வாக்கெடுப்பும் தள்ளிக்கொண்டே போயிற்று.

1954 மார்ச் 18ஆம் நாள் திருப்பம் நேர்ந்தது. புதுச்சேரி மேயரும் சுற்றியுள்ள ஏழு கொம்யூன்களின் மேயர்களும், வாக்கெடுப்பின்றியே இந்தியாவோடு இணைய வேண்டும் என்னும் தீர்மானத்தில் ஒன்றுபட்டனர். அதுவரை பிரெஞ்சு ஆட்சிக்குத் தூணாக இருந்த எதுவார் குபேரும் இணைப்பின் பக்கம் வந்தார். அவ்வாண்டு அக்டோபர் 18ஆம் நாள், வில்லியனூர் கொம்யூனைச் சார்ந்த கீழூர் என்னும் சிற்றூரில் புதுச்சேரி, காரைக்கால் பகுதிகளின் சட்டமன்ற உறுப்பினர்களும் நகராட்சி மன்ற உறுப்பினர்களும் கூடினர். கலந்துகொண்டோர் 178 பேர். இணைப்பை ஆதரித்தோர் 170, எதிர்த்தோர் 8. நவம்பர் 1ஆம் நாள் ஆட்சி கைமாறியது. கைமாற்றம் சட்டப்படி முழுமை பெற்றது 1962 ஆகஸ்ட் 16ஆம் நாள்.

வாசக அன்பர்கள் இதனைச் சற்று நின்று சிந்திக்க வேண்டும். ஒரு கொடி இறங்கி மறு கொடி ஏறியது. போர்க்களத்தில் அன்று, ஒரு கிராமத்தில் நடந்த வாக்கெடுப்பில். அங்கு கையுயர்த்தத் தகுதி பெற்றிருந்தவர்களுள் பெரும்பான்மையோர் நம் தெருக்களின் பிரதிநிதிகள். தெருவிளக்கைப் பற்றிப் பேச அனுப்பிய மனிதரே நாட்டைப் பற்றியும் பேசினார். மக்கள் தந்த வாக்கு ஒன்றே அவர் கையிலிருந்த அதிகாரம்.

மௌனத்தின் ஆண்டுகள்

இத்தகைய மரபுடைய ஊரில் பிறகு நடந்ததென்ன? பிரெஞ்சுக் காலச் சட்டத்தின் கீழ் கடைசி நகராட்சித் தேர்தல் 1968இல் நடந்தது. 1973ஆம் ஆண்டின் புதுச்சேரி நகராட்சிகள் சட்டம் பழைய ஆணைகளின் இடத்தைப் பிடித்தது. சந்திரநாகூர் முன்பே மேற்கு வங்கத்தோடு சேர்ந்துவிட்டதால் எஞ்சியிருந்தவை 16 கொம்யூன்கள். முதலியார்பேட்டை புதுச்சேரி நகராட்சியோடு இணைக்கப்பட்டது. எஞ்சிய 15 அமைப்புகளுள் 5 இன்று நகராட்சிகள். 10 கொம்யூன் பஞ்சாயத்துகள். ‘மேயர்’ என்னும் பெயர் போய் ‘நகர்மன்றத் தலைவர்’ வந்தார். நிர்வாகப் பொறுப்பு, அரசு அமர்த்தும் ஆணையரிடம் வந்தது. மன்றம் தீர்மானிக்கும், ஆணையர் நிறைவேற்றுவார் என்பது சட்டத்தின் கருத்து.

சட்டம் இருந்தது, ஆணையர் இருந்தார், மன்றம் மட்டும் இல்லை. 1968க்குப் பின் அடுத்த தேர்தல் 2006இல்தான் நடந்தது. இடையில் 38 ஆண்டுகள்! ஒரு தலைமுறை பிறந்து, மணமுடித்து, பிள்ளை பெற்று, தன் தெருவுக்கு ஒரு பிரதிநிதியைத் தேர்ந்தெடுக்காமலேயே நடுவயதை அடைந்தது.

1993 ஜூன் 1ஆம் நாள் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 74ஆவது திருத்தம் இத்தகைய வெற்றிடத்தைத் தடுக்கவே இயற்றப்பட்டது. மன்றத்தின் ஆயுள் ஐந்தாண்டு. அது முடியுமுன் அடுத்த தேர்தல் நடந்தாக வேண்டும். மன்றம் கலைக்கப்பட்டால் ஆறு மாதத்திற்குள் தேர்தல். பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாத இடம். தாழ்த்தப்பட்டோர்க்கு மக்கள்தொகைக்கேற்ற இடம். தேர்தலை நடத்தத் தனி ஆணையம். இவ்வளவும் எழுத்தில் உள்ளன. நீதிமன்றங்களின் வற்புறுத்தலுக்குப் பின் 2006இல் தேர்தல் வந்தது. புதுச்சேரி நகராட்சியின் 42 வார்டுகளுக்கும் உறுப்பினர்கள் வந்தனர். 2011இல் அவர்கள் காலம் முடிந்தது. மீண்டும் மௌனம். 2021இல் தேர்தல் அறிவிக்கப்பட்டு, இட ஒதுக்கீடு பற்றிய வழக்குகளின் நடுவே அறிவிப்பு திரும்பப் பெறப்பட்டது.

இக்குறை புதுச்சேரிக்கு மட்டும் உரியதன்று. மூன்று நூற்றாண்டுப் பெருமை பேசும் சென்னை மாநகராட்சியும் 1973 முதல் 1996 வரை தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றமின்றி இருந்தது. 2016க்குப் பின்னும் 2022 வரை அதே நிலை. ஆனால் 2022இல் தேர்தல் நடந்தபோது நேர்ந்ததைக் காண வேண்டும். 200 வார்டுகள் கொண்ட அம்மன்றத்தின் மேயராக, தலித் சமூகத்தைச் சார்ந்த இளம்பெண் ஒருவர் முதன்முறையாக அமர்ந்தார். தேர்தல் நடந்தால்தான் இட ஒதுக்கீடு உயிர் பெறும். அது நடவாதபோது முதலில் இழப்போர் பெண்களும் ஒடுக்கப்பட்டோருமே. அன்று லா போர்த் திறந்த கதவு, யாரும் இழுத்துச் சாத்தாமலேயே தானாகச் சாத்திக்கொள்கிறது.

‘சட்டமன்ற உறுப்பினர் இருக்கிறாரே’

இங்கு நண்பர்கள் சிலர் ஒரு மறுப்பை எழுப்புவார்கள். “புதுச்சேரி சிறிய பகுதி. தொகுதிகளும் சிறியவை. சட்டமன்ற உறுப்பினரே வீட்டு வாசலுக்கு வருகிறார். வார்டு உறுப்பினர் எதற்கு?” இம்மறுப்பில் உண்மையில்லாமல் இல்லை. ஆயினும் சட்டமியற்ற அனுப்பியவரைத் தெருவிளக்கு மாட்டச் சொன்னால், சட்டத்தைப் பற்றி யார் சிந்திப்பது? மேலும், ஒருவரிடம் வேண்டிக் கேட்டுப் பெறுவது சலுகை. மன்றத்தில் எழுப்பி, விவாதித்து, வரவு செலவில் எழுதிப் பெறுவது உரிமை. சலுகை முகம் பார்க்கும். உரிமை முகம் பாராது.

“ஆணையரே திறமையாகச் செய்கிறாரே” என்பது இன்னொரு மறுப்பு. இதற்கு விடையாக நம் பிழை ஒன்றையே சொல்லிவிடுகிறோம். முன்பு நாம் பணியாற்றிய ஒரு பங்கில், கோவில் வளாகத்தை மேடாக்கிச் சிமெண்டுத் தளம் போட முடிவு செய்தோம். பங்குப் பேரவையைக் கூட்டினால் நாள் கடக்கும், பேச்சு வளரும் என்று நாமே வேலையைத் தொடங்கிவிட்டோம். தளம் அழகாக அமைந்தது; பாராட்டும் கிடைத்தது. ஐப்பசி மழை வந்தது. வளாகத்தில் ஒரு துளி நிற்கவில்லை. அத்தனையும் பின்தெரு வீடுகளுக்குள் புகுந்தது. அத்தெருப் பெண்களுள் ஒருவரைக் கேட்டிருந்தாலும் தண்ணீர் எந்தப் பக்கம் ஓடும் என்பதை முதல் நாளே சொல்லியிருப்பார். நம்மிடம் நல்லெண்ணம் இருந்தது, பணமும் இருந்தது, கேட்கும் செவி இல்லை. மன்றம் என்பது அந்தச் செவி.

பதினோராம் பத்திநாதர் 1931இல் வெளியிட்ட சமுதாயச் சுற்றுமடலில் இக்கருத்தையே ஒரு நெறியாக வகுத்தார். சிறிய அமைப்பு தானே செய்யக்கூடியதைப் பெரிய அமைப்பு பறித்துக்கொள்வது அநீதி என்பது அந்நெறியின் சாரம். மேலே இருப்பது கீழே இருப்பதற்குத் துணை நிற்க வேண்டும், அதனை விழுங்கிவிடலாகாது. இது அரசுக்கு மட்டுமன்று, ஆலயத்திற்கும் பொருந்தும் என்பதை அந்தப் பின்தெரு நமக்குக் கற்பித்தது.

தேங்காய்த்திட்டில் கேட்டது

அண்மையில் தேங்காய்த்திட்டுக்குச் சென்றிருந்தோம். அரியாங்குப்பம் ஆற்றின் முகத்துவாரத்தை ஒட்டி, அலையாத்தி மரங்களும் மீன்பிடித் துறைமுகமும் அமைந்த பகுதி அது. ஊரின் பெயரிலேயே ‘திட்டு’ இருக்கிறது. சுற்றிலும் நீர் என்பதைப் பெயரே சொல்லிவிடுகிறது. இத்தகைய இடத்தில் வடிகால் எங்கே தோண்டுவது, மண் எங்கே கொட்டுவது என்பவை வெறும் அலுவலகக் கோப்புகள் அல்ல. அடுப்பு நனையுமா நனையாதா என்னும் கேள்விகள்.

அங்கு எண்பதைத் தொடும் பெரியவர் ஒருவரிடம் பேசிக்கொண்டிருந்தோம். பேச்சு தேர்தலைப் பற்றித் திரும்பியது. அவர் விரல்களை மடக்கி எண்ணிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “எம்.எல்.ஏ.வுக்கும் எம்.பி.க்கும் எத்தனை தடவை ஓட்டுப் போட்டேனோ, கணக்கே இல்ல சாமி. எங்க தெருவுக்குன்னு போட்டது ரெண்டே தடவைதான்.” ஒன்று 1968, மற்றொன்று 2006. அவருடைய பேரப்பிள்ளைகளோ ஒருமுறைகூடப் போட்டதில்லை.

அப்போது கடற்கரைக் கட்டிடம் நம் நினைவுக்கு வந்தது. பழைய மேரி 2014 நவம்பர் 29ஆம் நாள் பெருமழையில் இடிந்து விழுந்தது. ஊரே கண்ணீர் வடித்தது, மனுக்கள் எழுதினோம், கட்டுரைகள் எழுதினோம். பழைய வடிவம் சிறிதும் மாறாமல் மீண்டும் கட்டப்பட்டு, 2021 பிப்ரவரி 25ஆம் நாள் திறக்கப்பட்டது. நல்லதே. ஆனால் அதே மன்றம் மும்முறை மழை பெய்தால் இடியும் சுண்ணாம்புக் கட்டிடமன்று. அது 1968க்குப் பின் ஓசையின்றிச் சரிந்தது, 2011இல் மறுபடியும் சரிந்தது. அதற்காக எத்தனை பேர் மனு எழுதினோம்?

கட்டிடத்திற்கு அழுத நாம் மன்றத்திற்கும் குரல் கொடுக்க வேண்டாமா? அன்பியக் கூட்டங்களில் இதைப் பேசலாம். வாக்காளர் பட்டியலில் நம் இளைஞர்களின் பெயர் உள்ளதா என்று பார்க்கலாம். தேர்தல் வரும் நாளில், சாதியையும் பணத்தையும் பாராமல், தெருவை அறிந்தவர் யார், கேட்கும் செவியுடையவர் யார் என்று பார்த்து அனுப்பலாம். நம் பெண்களுள் தகுதியுடையோரைப் போட்டியிடத் தூண்டலாம். இவை பெரிய செயல்கள் அல்ல. ஆனால் கீழூரில் கையுயர்த்தியவர்களும் இத்தகைய சிறிய வாக்குகளால் அனுப்பப்பட்டவர்களே.

‘பெரியவர்’ என்னும் பொருள்படும் சொல்லே மேயர் ஆயிற்று என்று தொடக்கத்தில் கண்டோம். பெரியவராக விரும்புகிறவர் பணியாளராக வேண்டும் என்று நமக்குச் சொல்லித் தரப்பட்டிருக்கிறது. பணியாளரைத் தேர்ந்தெடுக்கும் வேலையை ஊரார் விட்டுவிட்டால், ஊருக்குப் பெரியவரும் இல்லை, பணியாளரும் இல்லை. கடற்கரைச் சாலையில் அந்த வெள்ளைக் கட்டிடத்தைக் காணும்போதெல்லாம், அதனுள் நம் தெருவுக்கு ஒரு நாற்காலி இருக்கிறதா என்று கேட்டுக்கொள்வோமாக.